வானத்தைக் கற்றலும் வானத்துக்கு அஞ்சுதலும்

பௌர்ணமிதோறும் நாம் விகாரையில் ஒன்று கூடுகிறோம். திரிசரணம் அடைந்து சீலம் ஏற்கிறோம். இன்று பௌர்ணமி என்று நமக்கு அறிவிப்பது எது? வானமேயாகும். பகவான் பிறந்ததும் போதி அடைந்ததும் பரிநிர்வாணம் எய்தியதுமான வைகாசிப் பௌர்ணமியும், ஆடிப் பௌர்ணமிக்கு மறுநாள் தொடங்கும் பிக்குகளின் மழைக்கால வாசமும் சந்திரனைக் கொண்டே கணக்கிடப்படுகின்றன. ஆகவே வானத்தைப் பற்றிய அறிவு தம்மத்துக்குப் புறம்பானதன்று. ஆனால் அதே வானத்தைக் காட்டி மக்களை நடுங்கச் செய்யும் வழக்கமும் உலகில் தொன்றுதொட்டு இருந்து வருகிறது. அவ்வழக்கம் நம்முடைய இல்லங்களையும் இன்னும் விட்டபாடில்லை. கற்றல் எது, அஞ்சுதல் எது என்று பிரித்தறிவதே இன்று நாம் சிந்திக்க எடுத்துக்கொண்ட பொருள்.

முதலில் பகவான் இதைப்பற்றி என்ன அருளினார் என்று பார்ப்போம். தீக நிகாயத்தின் முதற்சூத்திரமாகிய பிரம்மஜால சூத்திரத்தில், ததாகதர் விலக்கிய தவறான பிழைப்பு முறைகள் ஒரு நீண்ட வரிசையாகக் கூறப்படுகின்றன. சந்திர கிரகணம் வரும், சூரிய கிரகணம் வரும், அதனால் இன்ன பலன் விளையும் என்று சொல்லி வயிறு வளர்ப்பது அவற்றுள் ஒன்று. இதைப் படித்த சிலர், பௌத்தம் வானநூலையே வெறுத்தது என்று எண்ணிவிடுகின்றனர். அவ்வெண்ணம் சரியன்று. விநய பிடகத்தைத் திறந்து பார்ப்போமாக.

மகாவக்கத்தில் ஒரு செய்தி வருகிறது. பிச்சைக்குச் சென்ற பிக்குகளை மக்கள், இன்று பட்சத்தில் எத்தனையாவது நாள் என்று வினவினர். பிக்குகள் தெரியாது என்றனர். பட்சக் கணக்கே அறியாத இவர்கள் வேறு எந்த நன்மையை அறியப் போகிறார்கள் என்று மக்கள் குறை கூறினர். இது பகவானின் திருச்செவிக்கு எட்டியதும், பட்சக் கணக்கைக் கற்கும்படி பிக்குகளுக்கு அனுமதி அளித்தார். யார் கற்பது என்ற ஐயம் எழுந்தபோது, எல்லோருமே கற்கலாம் என்று அருளினார். சுள்ளவக்கத்தில் இன்னொரு செய்தி. காட்டில் வசித்த பிக்குகளிடம் திருடர்கள் வந்தனர். இன்று என்ன நட்சத்திரம், இது எந்தத் திசை என்று கேட்டனர். ஒன்றுக்கும் விடையில்லை. இவர்கள் துறவிகளல்லர், இவர்களே திருடர்கள் என்று சொல்லி அத்திருடர்கள் பிக்குகளை அடித்துப் போட்டனர்! அதன் பின்னரே, வனத்தில் வாழும் பிக்குகள் நட்சத்திர நிலைகளைக் கற்க வேண்டும், திசையறிவு பெற்றிருக்க வேண்டும் என்ற விதி உண்டாயிற்று.

அன்பர்களே, இவ்விரண்டையும் சேர்த்து நோக்குங்கள். நாளைக் கணக்கிடு, திசையை அறி, நட்சத்திரத்தைக் கண்டுகொள் என்பது விதி. அவற்றைக் காட்டிப் பிறரை அச்சுறுத்திப் பிழைக்காதே என்பது விலக்கு. இதில் முரண்பாடு சிறிதும் இல்லை. மேலும், கற்கத்தக்கவர் எல்லோரும் என்ற அந்த ஒரு சொல்லை நாம் மறந்துவிடலாகாது. அறிவு ஒரு சிலரின் பெட்டிக்குள் பூட்டி வைக்கப்படும்போதுதான் அது அச்சமாக மாறி வெளியே வருகிறது. இதற்கு உலக சரித்திரத்தில் சான்றுகள் பல உண்டு.

பாபிலோன் நாட்டை எடுத்துக்கொள்வோம். யூப்ரதீஸ், தைகிரீஸ் என்னும் இரு நதிகளுக்கு இடைப்பட்ட அந்நாட்டில், எழுத்தறிந்த புலவர்கள் களிமண் பலகைகளில் ஆப்பு வடிவ எழுத்துக்களால் வானக் குறிப்புகளை எழுதி வைத்தனர். சந்திரன் இவ்வாறு மறைந்தால் அரசன் இறப்பான், வெள்ளி இவ்வாறு தோன்றினால் விளைச்சல் குன்றும் என்பன போன்ற நிமித்தங்கள் சுமார் 70 பலகைகள் கொண்ட ஒரு பெருந்தொகுப்பாக அமைந்திருந்தன. அந்த அச்சம் எவ்வளவு கொடியது என்பதற்கு அசீரிய மன்னர்களின் கடிதங்கள் சான்று பகர்கின்றன. கி.மு. 681 முதல் 669 வரை ஆண்ட எசர்ஹத்தோன் காலத்தில், அரசனுக்கு ஆபத்தைக் குறிக்கும் கிரகணம் நேர்ந்தால், வேறு ஒருவனைச் சிம்மாசனத்தில் அமர்த்துவார்கள். உண்மை அரசன் ஒதுங்கியிருப்பான். குறிப்பிட்ட நாட்கள், மிஞ்சினால் 100 நாட்கள், அந்தப் பதிலி அரசன் முடிசூடியிருப்பான். பின்னர் அவன் கொல்லப்படுவான். கேடு அவனோடு தொலைந்தது என்று அரண்மனை மகிழும்.

அந்தப் பதிலி யார்? பெரும்பாலும் சிறைப்பட்டவன், தண்டனை பெற்றவன், கேட்பாரற்ற எளியவன். அச்சம் அரசனுடையது, உயிர் ஏழையினுடையது. மூடநம்பிக்கைக்கு விலை கொடுப்பவர் எப்பொழுதும் தாழ்த்தி வைக்கப்பட்டவரே என்பதை இதனினும் தெளிவாகக் காட்டும் சான்று வேண்டுமோ? அந்நாட்டுப் பழைய வரலாற்றேடு ஒன்று ஒரு வேடிக்கையையும் கூறுகிறது. இசின் நகரத்து அரசன் எர்ரா-இமித்தி, தனக்குப் பதிலாக என்லில்-பானி என்ற தோட்டக்காரனைச் சிம்மாசனத்தில் அமர்த்தினான். ஆனால் சூடான கஞ்சியைக் குடித்த அரசன் அரண்மனையிலேயே மாண்டான். தோட்டக்காரனோ இறங்க மறுத்து அரசனாகவே நிலைத்துவிட்டான் என்பது அவ்வேட்டின் கூற்று. நிமித்தம் காத்தது யாரை? கொன்றது யாரை?

எனினும் அதே பாபிலோனிலிருந்து நாம் போற்றத்தக்க ஒன்றும் பிறந்தது. அந்நாட்டுப் புலவர்கள் இரவுதோறும் வானத்தை நோக்கிக் கண்டதைக் கண்டவாறு எழுதினர். இன்று கிடைத்துள்ள நாட்குறிப்புகளில் மிகப் பழையது கி.மு. 652ஆம் ஆண்டைச் சேர்ந்தது, அவ்வழக்கம் கி.மு. முதல் நூற்றாண்டு வரை இடையறாது தொடர்ந்தது. ஏறத்தாழ அறுநூறு ஆண்டுகள்! சந்திரனின் நிலை, கிரகங்களின் நிலை ஆகியவற்றோடு, ஆற்றில் நீர் எவ்வளவு ஏறிற்று, சந்தையில் வாற்கோதுமை, பேரீச்சை, எள், கம்பளி என்ன விலை விற்றன என்பதையும் அவர்கள் குறித்தனர். மேகம் மறைத்தால், மேகம் மறைத்தது, காணவில்லை என்றே எழுதினர். காணாததைக் கண்டதாக எழுதாத இந்த நேர்மையே விஞ்ஞானத்தின் முதற்சீலம் என்று நாம் சொல்லலாம். பொய் சொல்லாமை என்னும் நம்முடைய நான்காம் சீலமும் அதுவன்றோ?

அவ்வாறு தலைமுறை தலைமுறையாகச் சேர்த்த குறிப்புகளிலிருந்து ஓர் ஒழுங்கு வெளிப்பட்டது. 223 சந்திர மாதங்கள், அதாவது 6585 நாட்களும் ஏறக்குறைய 8 மணி நேரமும் கழிந்தால், ஒரு கிரகணம் பெரும்பாலும் அதே வகையில் மீண்டும் நிகழும். இது 18 ஆண்டுகளுடன் 10 அல்லது 11 நாட்களாகும். அந்த 8 மணி நேரத்தில் பூமி மூன்றில் ஒரு பங்கு சுழன்றுவிடுவதால், அடுத்த கிரகணம் உலகின் வேறொரு பாகத்தில் தெரியும். இதனை நாமே சோதிக்கலாம். 2007 ஆகஸ்டு 28இல் ஒரு முழுச் சந்திர கிரகணம் நிகழ்ந்தது. 18 ஆண்டும் 10 நாளும் 8 மணியும் கூட்டினால் 2025 செப்டம்பர் 7 வருகிறது. அன்றிரவு இந்தியா முழுவதும் சந்திரன் செந்நிறமாகத் தோன்றியதை நம்மில் பலர் கண்டோம். பாபிலோன் புலவர் மண்ணில் எழுதிய கணக்கு இன்றும் தவறவில்லை. அவர் எழுதிய நிமித்தமோ? எந்த அரசனும் அன்றிரவு அதனால் மாளவில்லை.

கிரகணம் ஏன் நிகழ்கிறது என்பதைச் சுருக்கமாகச் சொல்வோம். பௌர்ணமியன்று சூரியனுக்கும் சந்திரனுக்கும் நடுவில் பூமி இருக்கிறது. பூமியின் நிழல் சந்திரன்மேல் விழுந்தால் சந்திர கிரகணம். அமாவாசையன்று சூரியனுக்கும் பூமிக்கும் நடுவே சந்திரன் வருகிறது. சந்திரனின் நிழல் பூமியின்மேல் விழுந்தால் சூரிய கிரகணம். அப்படியானால் பௌர்ணமிதோறும் கிரகணம் வரவேண்டுமே என்று கேட்கலாம். சந்திரனின் பாதை சூரியனின் தோற்றப் பாதைக்குச் சுமார் 5 பாகை சாய்ந்திருப்பதால், நிழல் பெரும்பாலும் மேலேயோ கீழேயோ தப்பிவிடுகிறது. இரு பாதைகளும் வெட்டிக்கொள்ளும் இரண்டு புள்ளிகளின் அருகில் வரும்போது மட்டுமே மறைப்பு உண்டாகிறது. அந்த இரண்டு புள்ளிகளுக்குத்தான் நம் நாட்டார் ராகு என்றும் கேது என்றும் பெயரிட்டனர். அவை பாம்புகளல்ல, விழுங்கும் வாயும் அவற்றுக்கு இல்லை.

சங்யுத்த நிகாயத்தில் ராகு சந்திரனைப் பிடித்ததாக ஒரு சூத்திரம் இருக்கிறதே என்று சிலர் வினவக்கூடும். உண்டு. அக்கால மக்களுக்குப் பழகிய மொழியில் அமைந்தது அது. ஆனால் அதில் நாம் கவனிக்கவேண்டியது என்ன? ராகு அங்கே வணங்கத்தக்கவனாகவோ பரிகாரம் செய்து தணிக்கத்தக்கவனாகவோ காட்டப்படவில்லை. புத்தரின் சொல் கேட்டு நடுநடுங்கி ஓடுகின்றவனாகவே காட்டப்படுகிறான். புத்தத்தைச் சரணடைந்தவனுக்கு ராகுவிடம் அச்சமில்லை என்பதே அதன் கருத்து. சரணம் அடைந்த பிறகும் ராகுவுக்கு அஞ்சுகின்றவன் அச்சூத்திரத்தைத் தலைகீழாகப் படித்தவனாவான்.

இனிக் கிரேக்க நாட்டுக்குச் செல்வோம். பகவான் காலத்துக்கு மிக அணித்தான ஐந்தாம் நூற்றாண்டில், அனக்சகோரஸ் என்னும் அறிஞர் ஆதென்ஸ் நகரில் வாழ்ந்தார். சந்திரன் தன் ஒளியால் அன்று, சூரிய ஒளியால் விளங்குகிறது என்றும், கிரகணம் மறைப்பினால் உண்டாவது என்றும் அவர் கூறினார். சூரியன் தெய்வமன்று, பழுக்கக் காய்ந்த ஒரு பிண்டம் என்று சொன்னதற்காக அவர்மீது வழக்குத் தொடுக்கப்பட்டது. அவர் நகரை விட்டு நீங்கினார். அந்நகரத்தார் அந்த அறிவை ஏற்காததன் பயனைப் பின்னர் அனுபவித்தனர். கி.மு. 413 ஆகஸ்டு 27இல், சிசிலித் தீவின் சிரக்கூஸ் நகரத்தை முற்றுகையிட்டுத் தோற்றுப்போன ஆதென்ஸ் சேனை, கப்பலேறித் தப்ப ஆயத்தமாயிருந்தது. அன்றிரவு சந்திர கிரகணம் நேர்ந்தது. சேனாபதி நிக்கியாஸ் நிமித்திகர் சொற்கேட்டு, மும்முறை ஒன்பது நாள், அதாவது 27 நாள் நகரக்கூடாது என்று நிறுத்திவிட்டார். அதற்குள் பகைவர் துறைமுகத்தை அடைத்துக்கொண்டனர். கப்பற்படை அழிந்தது, சேனை சிதறியது, நிக்கியாஸ் கொல்லப்பட்டார், சுமார் 7000 பேர் கற்சுரங்கங்களில் அடைபட்டு வாடினர். அவர்களைக் கொன்றது சந்திரனின்மேல் விழுந்த நிழலன்று. மனத்தின்மேல் விழுந்த நிழல்.

இதே உண்மையை நட்சத்திர ஜாதகக் கதை ஒரு சிறு குடும்பத்தில் வைத்துக் காட்டுகிறது. வாரணாசி நகரத்துக் குடும்பம் ஒன்று, நாட்டுப்புறத்துப் பெண் ஒருத்தியைத் தம் மகனுக்குப் பேசி நாளும் குறித்தது. பின்னர்த் தம் குலத்துக்கு வழக்கமான ஆஜீவகத் துறவியிடம் சென்று நாள் நல்லதா என்று கேட்டனர். தன்னை முன்பே கேளாமல் நாள் குறித்துவிட்டார்களே என்ற சினத்தால், அவன் நட்சத்திரம் சரியில்லை என்று சொல்லிவிட்டான். நகரத்தார் செல்லவில்லை. விருந்து சமைத்துக் காத்திருந்த பெண்வீட்டார், வேறொருவனுக்குப் பெண்ணைக் கொடுத்துவிட்டனர். மறுநாள் நகரத்தார் வந்தபோது சண்டையே மிஞ்சிற்று. அப்பொழுது அங்கு வந்த அறிவாளி ஒருவர், பெண் கிடைப்பதுதானே நல்ல கிரகம், நட்சத்திரத்துக்கு இதில் என்ன வேலை என்ற பொருள்பட உரைத்தார். நாள் பார்த்தவனின் சினமே நட்சத்திரத்தின் பெயரால் பேசிற்று என்பதைக் கவனியுங்கள்.

நம் பாரத நாட்டிலும் மெய்யறிவு தோன்றாமலில்லை. கி.பி. 476இல் பிறந்த ஆரியபடர் தம் 23ஆம் வயதில், 499இல், ஆரியபடீயம் இயற்றினார். பூமி தன்னைத்தானே சுற்றுவதால் விண்மீன்கள் ஓடுவதாகத் தோன்றுகின்றன என்றும், கிரகணம் நிழலினால் உண்டாவது என்றும் அவர் எழுதினார். ஆனால் 628இல் நூல் செய்த பிரம்மகுப்தர், நிழற்கணக்கை நன்கறிந்திருந்தும், ராகுவை மறுப்பது வேதத்துக்கும் ஸ்மிருதிக்கும் மாறாகும் என்று வாதித்தார். பதினோராம் நூற்றாண்டில் இந்தியாவைப் பற்றி எழுதிய அல்பிரூனி இம்முரண்பாட்டைச் சுட்டிக்காட்டியிருக்கிறார். கணிதம் ஒன்றைச் சொன்னது. சாஸ்திரத்துக்கு அஞ்சிய நா வேறொன்றைச் சொன்னது. மக்களுக்குச் சென்று சேர்ந்தது நா சொன்னதே.

இராகு காலத்தையும் சற்று ஆராய்வோம். பகலை எட்டாகப் பிரித்து, திங்களுக்கு இரண்டாம் பாகம், ஞாயிறுக்கு எட்டாம் பாகம் என்று கிழமைக்கு ஒன்றாக ஒதுக்கியிருக்கிறார்கள். வானில் ராகு எனப்படும் புள்ளியோ, சுமார் 18 ஆண்டு 7 மாதங்களுக்கு ஒருமுறை ராசி மண்டலத்தைச் சுற்றி வருவது. அதற்கும் திங்கட்கிழமைக் காலை ஏழரை மணிக்கும் யாதொரு தொடர்பும் இல்லை. கிழமைகள்தாமும் எங்கிருந்து வந்தன? சனி, வியாழன், செவ்வாய், ஞாயிறு, வெள்ளி, புதன், திங்கள் என்ற வரிசையில் நாளின் 24 மணிகளையும் ஒவ்வொன்றுக்கு ஒவ்வொரு கோளாகப் பங்கிட்டு, முதல் மணிக்கு உரிய கோளின் பெயரையே நாளுக்கு இட்டனர் மேலைநாட்டார். அந்த முறை பின்னரே நம் நாட்டுக்கு வந்தது. நம் நாட்டுச் சாசனங்களில் கிழமை குறிக்கப்பட்ட மிகப் பழையனவற்றுள் ஒன்று, மத்திய பாரதத்து ஏரண் என்னுமிடத்தில் புதகுப்தன் காலத்துத் தூணில் 484ஆம் ஆண்டு பொறித்தது. பகவான் காலத்து உபோசதம் திதியால் கணக்கிடப்பட்டது, கிழமையால் அன்று. எனவே கிழமையைக் கொண்டு வகுத்த இராகு காலம் அநாதியானது என்பது வெறும் பேச்சு.

உபாசகர்களே! நாம் ஏன் இவ்வளவு தூரம் இதை எடுத்துரைக்கிறோம்? 1956 அக்டோபர் 14இல் நாகபுரியில் பாபாசாகேப் அம்பேத்கர் தீக்ஷை பெற்று இலட்சக்கணக்கானோர்க்கும் அளித்தார். அதற்கும் முன்பே, 1898இல், அயோத்திதாசப் பண்டிதர் சென்னையில் சாக்கிய பௌத்த சங்கத்தை நிறுவினார். 1907இல் பௌத்தத்தின் சாரம் என்னும் நூலை ஆங்கிலத்தில் வெளியிட்ட பேராசிரியர் லட்சுமி நரசு, கல்லூரியில் பௌதிக விஞ்ஞானம் கற்பித்தவர். இவர்கள் காட்டிய வழியில் வந்த நாம், பிறந்த குலம் ஒருவனுடைய தகுதியை நிர்ணயிக்கும் என்ற கொள்கையை மறுத்தோம். வாசெட்ட சூத்திரத்தில் பகவான் அருளியவாறு, செயலே மனிதனை உயர்த்துவதும் தாழ்த்துவதும் என்று ஏற்றோம். அங்ஙனமாயின், பிறந்த நாழிகை ஒருவனுடைய வாழ்வை நிர்ணயிக்கும் என்பதை மட்டும் எவ்வாறு ஏற்க இயலும்? பிறந்த வீட்டைக் கேட்டு ஒருவனை விலக்குவது சாதி. பிறந்த நட்சத்திரத்தைக் கேட்டு ஒருத்தியை விலக்குவது சோதிடம். இரண்டும் ஒரே வித்தின் இரு முளைகள். மூல நட்சத்திரத்தில் பிறந்தாள், செவ்வாய் தோஷம் உடையாள் என்று நம்மவர் வீட்டுப் பெண் ஒருத்தி மணமின்றி வாடுவாளாயின், நாம் விட்டுவந்த தீண்டாமையை வேறு பெயரால் நம் வீட்டுக்குள் குடியேற்றிவிட்டோம் என்பதே பொருள்.

கிரகண வேளையில் கர்ப்பிணிகளை இருட்டறையில் அடைத்து, உணவும் நீரும் மறுக்கும் வழக்கமும் அத்தகையதே. நிழல் ஒன்று இலட்சக்கணக்கான மைல்களுக்கு அப்பால் விழுகிறது. வயிற்றுச் சிசுவுக்கு அதனால் தீங்கில்லை. தாய் பட்டினி கிடப்பதால்தான் தீங்கு. முன்னோர் சொன்னதில் ஒன்று மட்டும் மெய். சூரிய கிரகணத்தை வெறுங்கண்ணால் நோக்கினால் கண் பழுதாகும். அதற்கு வேண்டியது தக்க கண்ணாடியேயன்றிப் பரிகாரமன்று. சந்திர கிரகணத்தை வெறுங்கண்ணாலேயே அச்சமின்றிப் பார்க்கலாம்.

இங்கே ஒருவரை நினைவுகூர்வது நமக்கு ஊக்கம் தரும். 1893இல் டாக்காவுக்கு அருகே ஒரு சிற்றூர்க் கடைக்காரரின் மகனாகப் பிறந்தவர் மேகநாத சாஹா. மாணவர் விடுதியில் சாதியின் பெயரால் உயர்குலத்தாருடன் உண்ண இயலாது விலக்கப்பட்டவர். அவரே 1920இல் விண்மீன்களின் ஒளியைக் கொண்டு அவற்றின் வெப்பநிலையை ஆராய வழிசெய்த சமன்பாட்டை உலகுக்கு அளித்தார். 1952இல் அமைக்கப்பட்ட பஞ்சாங்கச் சீர்திருத்தக் குழுவுக்குத் தலைமை தாங்கியவரும் அவரே. சுமார் 30 வகைப் பஞ்சாங்கங்களை ஆராய்ந்த அக்குழு, நமது ஆண்டுத் தொடக்கம் வானத்தின் சமராத்திரி நாளிலிருந்து 23 நாட்கள் விலகிவிட்டதைக் காட்டியது. அதன் அறிக்கை 1955இல் வெளிவந்தது. 1957 மார்ச் 22 முதல் தேசிய நாட்காட்டி நடைமுறைக்கு வந்தது. உணவுப் பந்தியில் இடம் மறுக்கப்பட்டவர், பஞ்சாங்கத்தைத் திருத்தும் ஆசனத்தில் அமர்ந்தார். எல்லோருமே கற்கலாம் என்ற பகவானின் அநுமதி இவ்வாறே பலிக்கும்.

ஆதலின் நாம் செய்யவேண்டுவன சிலவற்றைக் கூறி முடிப்போம். சந்திர கிரகணம் பௌர்ணமியன்றி வேறு நாளில் வாராது. அது நமக்கு உபோசத நாளேயாகும். அன்று பிற இடங்களில் கதவுகள் அடைக்கப்படலாம். நமது விகாரையின் கதவு திறந்தே இருக்கட்டும். சிறுவர் சிறுமியரை அழைத்து வந்து, நிழல் வட்டமாக ஊர்வதைக் காட்டுங்கள். அந்த வட்ட நிழலே பூமி உருண்டை என்பதற்கு அரிஸ்டாட்டில் காட்டிய சான்று என்று எடுத்துச் சொல்லுங்கள். கர்ப்பிணித் தாய்மார் வயிறார உண்ணட்டும். திருமணங்களுக்கு உற்றாருக்கும் ஊராருக்கும் வசதியான நாளே நன்னாள். மணமக்களின் மனமும் உடல்நலமும் குணமும் ஒத்திருப்பதே பொருத்தம். வீட்டில் குழந்தை பிறந்தால் பிறந்த நேரத்தைக் குறித்து வையுங்கள், பள்ளிக்கு உதவும். அதற்குப் பலன் கேட்டு எவர் வாசலிலும் நில்லாதீர்கள். இவற்றை வீட்டு முதியோரிடம் கடிந்து சொல்லாமல் அன்போடு விளக்குங்கள். அவர்களுடைய அச்சமும் ஒருவர் கற்பித்ததுதான். ஆகவே அன்பால் கற்பித்து அதனை நீக்கவும் கூடும்.

2043 செப்டம்பர் 19இல், முன்சொன்ன அதே வரிசையைச் சேர்ந்த முழுச் சந்திர கிரகணம் மீண்டும் நிகழும். இன்று மடியில் தவழும் குழந்தைகள் அன்று வாலிபராயிருப்பர். அவர்கள் அதைப் பற்றிக் கேள்விப்பட்டுக் கதவடைத்து ஒளிவார்களோ, கணக்கிட்டு அறிந்து தம் பிள்ளைகளுக்கு விளக்குவார்களோ என்பது நட்சத்திரத்தின் கையில் இல்லை. இன்று அவர்களுக்கு நாம் கற்பிப்பதில் இருக்கிறது.

நமோ புத்தாய!